கண்காட்சியில் எழுந்த பள்ளிவாசல்கள்

ஹிஜ்ரி 1306-ஆம் ஆண்டு, ரமளான் மாதத்தின் முதல் வாரம். அதாவது 1889 மே 6-ஆம் நாள். பிரெஞ்சுப் புரட்சியின் நூற்றாண்டு நிறைவையொட்டிப் பாரிஸ் மாநகரில், ஸீன் நதிக்கரையில், உலகக் கண்காட்சியொன்று திறந்து வைக்கப்பட்டது. ஈஃபெல் கோபுரம் அந்தக் கண்காட்சிக்கென்றே எழுப்பப்பட்டதாகும். ஏறத்தாழ 300 மீட்டர் உயரத்துக்கு இரும்பை நிறுத்தி, மனிதன் அதுகாறும் கட்டிய கட்டடம் யாவற்றினும் இதுவே உயர்ந்தது என்று பிரான்சு உலகுக்கு அறிவித்தது. கோபுரத்துக்கு அப்பால் இயந்திர மண்டபம். 420 மீட்டர் நீளமும் 110 மீட்டருக்கு மேற்பட்ட அகலமும் கொண்ட அம்மண்டபத்தின் நடுவில் ஒரு தூண்கூடக் கிடையாது. இரும்பு வளைவுகளே கூரை முழுவதையும் தாங்கி நின்றன. அக்டோபர் இறுதிவரை நடைபெற்ற அக்காட்சியை 3 கோடிக்கு மேற்பட்ட மக்கள் கண்டனர்.

அந்த இரும்பு வியப்புகளின் அருகிலேயே ஒரு குறுகிய, வளைந்த வீதியும் இருந்தது. ‘கெய்ரோ வீதி’ என்று அதற்குப் பெயர். வாசகர்களிடம் நான் பேச விழைவது இந்த வீதியைப் பற்றியே.

கெய்ரோவில் நெடுங்காலம் வாழ்ந்த டெலோர் டி க்ளெயோன் என்னும் பிரெஞ்சுப் பிரபு அதனை அமைத்தார். அவர் அந்நகரின் பழங்கட்டடங்களில் பெருமோகம் கொண்டவர். கெய்ரோவின் பழைய வீடுகள் இடிக்கப்பட்டபோது அவற்றின் மரப்பலகணிகளைச் சேகரித்து வைத்திருந்தார். ‘மஷ்ரபிய்யா’ என்று அரபியில் வழங்கும் அப்பலகணிகள், கடைந்த சிறு மரத்துண்டுகளைக் கோத்துச் செய்யப்படுபவை. உள்ளே இருக்கும் பெண்கள் வீதியைக் காணலாம். வீதியில் நிற்போர் உள்ளே இருப்பவரைக் காணவியலாது. வெயிலைத் தடுத்துக் காற்றை மட்டும் அவை உள்ளே விடும். இல்லத்தின் மறைவைக் காக்கச் செய்யப்பட்ட பொருளைப் பாரிஸில் யாவரும் அண்ணாந்து பார்க்க மாட்டி வைத்தார்கள். இருபதுக்கு மேற்பட்ட வீடுகள் ஒன்றோடொன்று நெருங்கி நின்றன. சுவர்கள் பழமையாகத் தோன்ற வேண்டுமென்று வண்ணப்பூச்சிலேயே அழுக்கைக் கலந்தனராம்! கெய்ரோவிலிருந்து சுமார் 50 கழுதைகளும் அவற்றை ஓட்டும் ஆட்களும் கப்பலில் கொண்டு வரப்பட்டனர். ஒரு பிராங்க் கொடுத்தால் கழுதைமேல் ஒரு சுற்றுச் சுற்றலாம். நெரிசல் தாங்காமல், நாளொன்றுக்கு இத்தனை கழுதைகளே என்று நிருவாகத்தார் வரம்பு கட்ட நேர்ந்தது. அத்தர், தின்பண்டம், துருக்கித் தொப்பி விற்ற கடைகளுள் சிலவற்றில் பிரெஞ்சு வணிகரே கிழக்கத்திய உடையணிந்து உட்கார்ந்திருந்தனர்.

அவ்வீதியின் அணியாக ஒரு பள்ளிவாசல் நின்றது. அதன் மினாரா, கெய்ரோவில் சுல்தான் கைத்பாய் எழுப்பிய பள்ளியின் மினாராவைப் பார்த்துச் செய்யப்பட்டது. கைத்பாய் 1468 முதல் 1496 வரை மிஸ்ரை ஆண்ட மம்லூக் சுல்தான். நம் அரபு மதரஸாக்களில் ஓதப்படும் தஃப்ஸீர் ஜலாலைனின் ஆசிரியர்களுள் ஒருவரான இமாம் ஸுயூத்தி (ரஹ்) அவர்கள் வாழ்ந்த காலம் அது. ஷாஃபிஈ மத்ஹபின் பேரறிஞர் ஷைகுல் இஸ்லாம் ஸகரிய்யா அல்அன்ஸாரி (ரஹ்) அவர்கள் தலைமைக் காழியாக அமர்த்தப்பெற்றதும் அந்தச் சுல்தானின் ஆட்சியிலேயாம். அவ்வறிஞர்கள் எந்த மினாராக்களின் பாங்கொலி கேட்டு எழுந்து எழுதினார்களோ, அவற்றுள் ஒன்றன் சாயல் பாரிஸில் நின்றது.

அவ்வாண்டின் கோடையில் மிஸ்ரிலிருந்து ஒரு சிறு குழுவினர் பாரிஸ் வந்தனர். சுவீடன் நாட்டு ஸ்டாக்ஹோம் நகரில் நடைபெறவிருந்த கீழ்த்திசை அறிஞர்களின் எட்டாவது மாநாட்டுக்குச் செல்லும் வழியில் அங்கே தங்கினர். தலைவர் அப்துல்லாஹ் ஃபிக்ரீ பாஷா. மக்கா முகர்ரமாவில் பிறந்தவர். அரபு உரைநடையிலும் கவிதையிலும் தம் காலத்தில் முன்வரிசையில் நின்றவர். 1882-இல் மிஸ்ரின் கல்வி அமைச்சராயிருந்தார். அவ்வாண்டே அஹ்மது உராபியின் எழுச்சி முறியடிக்கப்பட்டு, ஆங்கிலப் படை நாட்டைக் கைப்பற்றியது. ஃபிக்ரீ பாஷா சிறைப்பட்டார், பிறகு விடுதலையானார். அவருடன் மைந்தர் முஹம்மது அமீன் ஃபிக்ரீயும் அரபு மொழியறிஞர் ஹம்ஸா ஃபத்ஹுல்லாஹ்வும் இருந்தனர். ஆடையிலும் மொழியிலும் உண்மையான கெய்ரோக்காரர்கள், பாரிஸின் கெய்ரோ வீதிக்குள் நுழைந்தார்கள்.

அங்கே அவர்கள் கண்டதை மைந்தர் எழுதி வைத்தார். சுவரின் செயற்கை அழுக்கை அவர் கவனித்தார். கழுதைகளின் கூச்சலையும் கவனித்தார். பின்பு பள்ளிவாசலின் வாயிலை அடைந்தனர். பள்ளியென்றால் உள்ளே செல்வது முஸ்லிமின் இயல்பு. உள்ளே சென்றபோதுதான், பள்ளிவாசல் என்பது வெளிச்சுவரோடு முடிந்துவிட்டது தெரிந்தது. உள்ளே காப்பிக்கடை! அங்கே பெண்கள் ஆடவருடன் ஆடிக்கொண்டிருந்தனர். தர்வேஷ்கள் காசுக்காகச் சுழன்று கொண்டிருந்தனர்.

அறுபதை நெருங்கும் வயதில், ஒரு நாட்டின் கல்விக்குப் பொறுப்பாயிருந்த ஆலிம் ஒருவர் அந்த வாயிலில் நின்ற கோலத்தை நான் பலமுறை எண்ணிப் பார்த்ததுண்டு. செருப்பைக் கழற்றக் குனிந்திருப்பாரோ என்னவோ. அடுத்த ஆண்டே அவர் காலமானார். அமீன் ஃபிக்ரீ தம் பயண நூலை 1892-இல் கெய்ரோவில் வெளியிட்டார். நூலின் பெயர் ‘இர்ஷாதுல் அலிப்பா இலா மஹாஸினி ஊரூப்பா’. அதாவது, ஐரோப்பாவின் அழகுகளின்பால் அறிவுடையோருக்கு வழிகாட்டுதல். பெயரைக் கவனியுங்கள். பாரிஸில் தம் தந்தையாருக்கு நேர்ந்த நாணத்தை எழுதிய அதே கை, அந்நாட்டாரின் நற்பண்புகளைப் பாராட்டவும் தயங்கவில்லை. பகைத்தால் யாவும் தீது, விரும்பினால் யாவும் நன்று என்று எழுதுவோர் இவரிடம் சற்றுப் பாடம் கேட்கலாம்.

கிழக்கு நாடுகளைக் கண்காட்சிப் பொருளாக்கும் இவ்வழக்கம் எப்படி வளர்ந்தது என்பதைச் சுருக்கமாகப் பார்ப்போம். 1851-இல் லண்டன் ஹைடு பூங்காவில் ஜோசப் பாக்ஸ்டன் என்பார் இரும்பாலும் கண்ணாடியாலும் ஒரு பெருமாளிகையை எழுப்பினார். தோட்டக்கலையில் வல்லவரான அவர், செடிகளுக்குக் கண்ணாடி வீடு கட்டிய அனுபவத்தைக் கொண்டே அதைச் செய்தார். ஒரே அளவான உறுப்புகளைத் தொழிற்சாலையில் வார்த்து, கொண்டு வந்து பொருத்தும் முறை. அப்போது எல்லா நாடும் ஒரே கூரையின் கீழ் இருந்தன. துருக்கியும் துனீஸும் மிஸ்ரும் பட்டும் கம்பளமும் அனுப்பின. 1867-இல் பாரிஸில்தான், மையக் கட்டடத்தைச் சுற்றிய பூங்காவில், ஒவ்வொரு நாடும் தன் கட்டடக்கலையைக் காட்டும் தனி மாளிகை அமைக்கும் வழக்கம் வேரூன்றியது.

அந்த 1867-ஆம் ஆண்டு கண்காட்சியில் முஸ்லிம் அரசுகள் தாமே முன்வந்து கலந்துகொண்டன என்பதை மறக்கலாகாது. உஸ்மானியப் பேரரசு ஒரு பள்ளிவாசலும், பாஸ்பரஸ் கரை மாளிகையொன்றின் மாதிரியும், ஒரு ஹம்மாமும் கட்டியது. அவற்றை அமைத்த லெயோன் பார்விலே என்னும் பிரெஞ்சுக்காரர், பூர்ஸா நகரின் பழம்பள்ளிகளைப் பழுதுபார்த்தவர். அங்குள்ள பச்சைப் பள்ளிவாசலை (யெஷில் ஜாமி) அங்குலம் அங்குலமாக அளந்து கற்றவர். சுல்தான் அப்துல் அஸீஸ் அவர்களே நேரில் பாரிஸ் வந்து, ஜூலை முதல் நாள் பரிசளிப்பு விழாவில் மூன்றாம் நெப்போலியனோடு வீற்றிருந்தார். படையெடுப்புக்காக அன்றி மேற்கு ஐரோப்பா சென்ற முதல் உஸ்மானிய சுல்தான் அவரே. பரிவாரத்தில் அவருடைய அண்ணன் மக்கள் இருவர் இருந்தனர். ஒருவர் 24 வயது இளவரசர் அப்துல் ஹமீது. பின்னாளில் இரண்டாம் அப்துல் ஹமீதாக அரியணை ஏறியவர். கண்ணில் கண்டதை அவர் மறக்கவில்லை என்பதைக் கீழே காண்போம்.

மிஸ்ரின் கதை வேறு. ஆட்சியாளர் இஸ்மாயீல் பாஷா கண்காட்சித் திடலிலேயே தமக்கென ஒரு ஸலாம்லிக், அதாவது வரவேற்பு மாளிகை, கட்டச் செய்தார். அதில் தாமே அமர்ந்து விருந்தினரை வரவேற்றார். காணவந்தோருக்குக் கட்டடம் ஒரு காட்சி. அரசரும் ஒரு காட்சி! அருகே பண்டைய கோயில் ஒன்றின் மாதிரியும், வணிகர் தங்கும் ஸத்திரம் ஒன்றும் இருந்தன. ஸத்திரத்தின் கீழே மிஸ்ரின் கைவினைஞர்கள் தொழில் செய்து காட்டினர். மேலே பதப்படுத்திய பழம் பிணங்கள். அவற்றுள் ஒன்றை எழுத்தாளர் சிலர் முன்னிலையில் துணி அவிழ்த்தும் காட்டினர். இறந்த உடலின் எலும்பை முறிப்பதையே பாவமென அறிந்த சமுதாயத்தின் அரசாங்கம் இதற்கு இசைந்தது எங்ஙனம் என்று கேட்கத் தோன்றுகிறது.

நாடு திரும்பிய இஸ்மாயீல் பாஷா, கெய்ரோவைப் பாரிஸாக்க முனைந்தார். அலீ முபாரக் பாஷாவின் மேற்பார்வையில் நேரான அகல வீதிகள் வெட்டப்பட்டன. 1869 நவம்பரில் சூயஸ் கால்வாய் பெருவிழாவுடன் திறக்கப்பட்டது. கடன் மலைபோல் குவிந்தது. 1875-இல் கால்வாய்ப் பங்குகளை ஏறத்தாழ 40 லட்சம் பவுனுக்கு ஆங்கில அரசிடம் விற்றார். 1879-இல் பதவியிழந்தார். 1882-இல் நாடே அந்நியர் கைக்குப் போயிற்று. கெய்ரோவில் பழைய வீதிகளை இடித்து ஐரோப்பிய வீதி அமைத்தார்கள். பாரிஸில் பழைய கெய்ரோ வீதியை அமைத்து வேடிக்கை பார்த்தார்கள்.

1867-இல் நின்ற கட்டடங்களுள் ஒன்று இன்றும் இருக்கிறது. கெய்ரோவிலும் பணிபுரிந்த கார்ல் ஃபொன் டீபிட்ச் என்ற பிரஷ்யக் கட்டடக் கலைஞர், அந்தலுஸ் பாணியில் ஒரு மண்டபம் செய்து அக்கண்காட்சியில் வைத்தார். அதைப் பின்பு பவேரிய மன்னர் இரண்டாம் லுட்விக் விலைக்கு வாங்கி, லிண்டர்ஹோஃப் என்னும் தம் மாளிகைத் தோட்டத்தில் நிறுத்தி, உள்ளே மயில் அரியணை அமைத்துக் கொண்டார். மற்றவற்றுள் பெரும்பாலானவை காட்சி முடிந்ததும் கலைக்கப்பட்டன.

இனி அமெரிக்காவுக்கு வருவோம். கொலம்பஸ் அக்கண்டத்தை அடைந்த நானூறாவது ஆண்டை முன்னிட்டு, 1893-இல் சிகாகோவில் உலகக் கண்காட்சி நடைபெற்றது. டேனியல் பர்ன்ஹம் என்பவரின் தலைமையில், ஏரிக்கரையில் ‘வெண்ணகரம்’ ஒன்று எழுந்தது. பளிங்கு மாளிகைகள் என்று கண்டோர் மயங்கினர். உண்மையில் இரும்பு, மரச் சட்டங்களின்மேல் சாந்தும் சணல் நாரும் கலந்து பூசிய பூச்சே அது. மறு ஆண்டே அதன் பெரும்பகுதி நெருப்புக்கு இரையாயிற்று. கண்காட்சியின் கேளிக்கைப் பகுதிக்கு மிட்வே என்று பெயர். 264 அடி உயரமான பெரும் இராட்டினம் முதன்முதலில் அங்கேதான் சுழன்றது. 36 பெட்டிகள், பெட்டிக்கு 60 பேர். இன்று நம்மூர்ப் பொருட்காட்சிகளிலும் தர்கா கந்தூரித் திடல்களிலும் சுழலும் இராட்டினங்களுக்கெல்லாம் மூத்த அண்ணன் அதுவே எனலாம்.

அந்த இராட்டினத்தின் அருகில் மீண்டும் ஒரு கெய்ரோ வீதி! இம்முறை அதனை வரைந்தவர் மாக்ஸ் ஹெர்ஸ். கெய்ரோவின் பழம்பள்ளிகளைக் காக்க 1881-இல் அமைக்கப்பட்ட குழுவின் தலைமைக் கட்டடக் கலைஞர் அவர். ஆதலால் கட்டட நுணுக்கத்தில் பிழையில்லை. மினாராவிலிருந்து பாங்கும் சொல்லப்பட்டது. ஆயினும் கூட்டம் திரண்டது அதற்காகவன்று. ஒட்டகச் சவாரிக்கும், போலித் திருமண ஊர்வலத்துக்கும், வயிற்றை அசைத்து ஆடும் நடனத்துக்குமே மக்கள் காசு கொடுத்தனர். மிட்வேயில் மிகுதியாகச் சம்பாதித்தவற்றுள் அவ்வீதியும் ஒன்று. அமெரிக்கப் பாமரரின் மனத்தில் மினாராவும் நடனமும் ஒன்றாகப் பதிந்துவிட்டன. அந்தப் பதிவு பிறகு திரைப்படங்களில் ஏறி, நம் காலம் வரையில் தொடர்ந்ததைக் காணாதவர் யார்?

இந்த இடத்தில்தான் சுல்தான் இரண்டாம் அப்துல் ஹமீதின் எச்சரிக்கை நினைக்கத் தக்கது. துருக்கிப் பகுதியை நடத்தும் உரிமம் பெற்ற வணிகருக்கு அவரது அரசு ஒரு நிபந்தனை விதித்தது. முஸ்லிம் பெண்களின் மானத்துக்கோ நாட்டின் கண்ணியத்துக்கோ இழுக்காகும் எந்த ஆட்டமும் கூத்தும் கூடாது என்பதே அது. அரசின் சார்பில் அமைந்த மாளிகை, இஸ்தன்பூலில் மூன்றாம் அஹ்மது சுல்தான் கட்டிய நீர்த்தாரை மண்டபத்தை ஒட்டியது. தாகித்தோருக்குத் தண்ணீர் வழங்கும் வக்ஃபு ஒன்றைத் தம் நாட்டின் அடையாளமாகத் தேர்ந்தது, என் கருத்தில், சிறந்த தேர்வு. மேலும் தம் நாட்டின் பள்ளிக்கூடங்கள், மருத்துவமனைகள், மாணவ மாணவியர், போர்க்கப்பல்கள் ஆகியவற்றின் நிழற்படங்களை 51 தொகுதிகளாகச் சேர்த்து, அமெரிக்க நாட்டு நூலகத்துக்குச் சுல்தான் அன்பளிப்பாக அனுப்பினார். மொத்தம் 1,800-க்கு மேற்பட்ட படங்கள். வாஷிங்டனில் அவை இன்றும் உள்ளன. ‘நாங்கள் கழுதைச் சவாரிக்காரர்கள் மட்டுமல்லர்’ என்று சொல்ல அவர் கைக்கொண்ட வழி அது.

மிட்வேயின் துருக்கிக் கிராமத்திலும் ஒரு பள்ளிவாசல் இருந்தது. பாரிஸ் பள்ளிக்கும் இதற்கும் ஒரு வேறுபாடு உண்டு. இதில் தொழுதார்கள். கடைகளில் வேலை செய்தவர், கூடாரம் சுமந்தவர், ஒட்டகம் ஓட்டியவர் ஆகியோர் வேலைக்கிடையே வந்து கைகட்டி நின்றார்கள். அவர்கள் ருகூஉக் குனிவதையும் வேடிக்கை பார்க்க ஒரு கூட்டம் நின்றிருக்கலாம். நின்றாலென்ன? தொழுபவருடைய நாட்டம் எங்கிருக்கிறது என்பதைப் பார்வையாளர் அறியார். அவர்களுடைய பெயர்களை எந்த நூலும் குறித்து வைக்கவில்லை.

அதே சிகாகோவில், கண்காட்சியின் துணை நிகழ்ச்சியாக, செப்டம்பர் 11 முதல் 27 வரை சர்வ சமயப் பேரவை கூடியது. சுவாமி விவேகானந்தர் அங்கே பேசியதையும், அவரை அனுப்பச் சென்னை அன்பர்கள் பொருள் திரட்டியதையும் தமிழ்நாட்டில் பள்ளிப் பிள்ளைகளும் அறிவர். அதே மேடையில் இஸ்லாத்தின் சார்பில் பேசியவர் யார் என்று நம் பிள்ளைகளைக் கேட்டுப் பாருங்கள், விடை வராது. அவர் முஹம்மது அலெக்ஸாண்டர் ரஸல் வெப். அமெரிக்கர், பத்திரிகையாளர், மணிலாவில் அமெரிக்கத் தூதரக அதிகாரியாயிருந்தபோது, 1888-இல் இஸ்லாத்தைத் தழுவியவர். 1892-இல் பதவியைத் துறந்து இந்தியா வந்து, கல்கத்தா, பம்பாய், ஹைதராபாத் வழியாக நம் சென்னைக்கும் வருகை தந்தார். அவருடைய சொற்பொழிவுகள் சென்னையிலேயே நூலாக அச்சேறின.

செப்டம்பர் 20, 21 ஆகிய இரு நாள்களிலும் வெப் பேசினார். தொடக்கத்தில் அவையோர் நன்றாகவே கேட்டனர். பலதார மணத்தைப் பற்றிய பேச்சு வந்ததும், வெட்கம், வெட்கம் என்று கூச்சல் எழுந்தது. பேரவையில் கூச்சலிட்டுத் தடுக்கப்பட்டோர் மிகச் சிலரே. ஒரு மைல் இரண்டு மைலல்ல, நெடுந்தொலைவிலிருந்த மிட்வேயில் கெய்ரோ நடனத்துக்கு வரிசையில் நின்ற ஊரார், இங்கே இஸ்லாமியப் பெண்ணின் நிலைக்காக வருந்தினர்! வெப் நிதானம் இழக்காமல் தொடர்ந்து பேசி முடித்தார்.

அவருக்கு நேர்ந்த பெரிய தோல்வி பேரவையில் நேர்ந்ததன்று. நியூயார்க்கில் அவர் தொடங்கிய ‘முஸ்லிம் உலகம்’ என்னும் இதழும் பிரசாரப் பணியும் இந்திய முஸ்லிம்கள் தருவதாகச் சொன்ன பொருளுதவியை நம்பி எழுந்தவை. வாக்களித்த பணம் முழுதும் வந்து சேரவில்லை. சில ஆண்டுகளில் எல்லாம் நின்றுபோயின. வெப் 1916-இல் மறைந்தார். மிட்வேயின் போலிப் பள்ளியைக் கட்டி வருவாய் கண்டவர் ஒருபுறம். உண்மையான அழைப்பாளரைப் பாதி வழியில் கைவிட்ட நாம் ஒருபுறம். ஐரோப்பியரை மட்டும் குறை கூறி இக்கட்டுரையை முடித்துக்கொள்ள எனக்கு மனம் வரவில்லை.

1900-இல் மீண்டும் பாரிஸ். மின்விளக்கு மாளிகையும், நிற்பவரைச் சுமந்து செல்லும் நடைபாதையும் கண்டு 5 கோடி வருகையாளர் வியந்த கண்காட்சி. ‘மிஸ்பாஹுஷ் ஷர்க்’ என்னும் கெய்ரோ இதழுக்காக எழுதிய முஹம்மது அல்முவைலிஹீ, தம் கதைமாந்தரான ஈஸா இப்னு ஹிஷாமையும் பாஷாவையும் அங்கே அழைத்துச் சென்றார். பழைய மகாமாத் பாணியில், எதுகை நயத்தோடு அமைந்த நடை. மிஸ்ரின் பகுதிக்குள் நுழைந்த அவர்கள், அங்கே மீண்டும் நடனத்தைக் கண்டு தலைகுனிந்தனர். பதினோர் ஆண்டுகள் கழிந்தும் மாற்றமில்லை. பாரிஸைப் பற்றிய அப்பகுதி 1927-இல் வெளியான நான்காம் பதிப்பில்தான் அவருடைய நூலோடு சேர்ந்தது. அரபு உரைநடை பயிலும் மாணவர் அதை அவசியம் படிக்க வேண்டும். 1904-இல் அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரில் பைத்துல் முகத்தஸையே பத்து ஏக்கருக்கும் மேலான பரப்பில் மாதிரியாகக் கட்டினர். குப்பத்துஸ் ஸக்ராவும் அதில் எழுந்தது, சில மாதங்களில் மறைந்தது.

கெய்ரோ வீதி பாரிஸில் நின்ற அதே 1889-ஆம் ஆண்டில், கடலுக்கு அப்பால் இங்கிலாந்தின் வோக்கிங் என்னும் சிற்றூரில் சிறியதொரு பள்ளிவாசல் கட்டி முடிக்கப்பட்டது. போபால் அரசி ஷாஜஹான் பேகம் அவர்களின் பொருளுதவியால் எழுந்தமையின், ஷாஜஹான் பள்ளி என்றே அதற்குப் பெயர். கட்டச் செய்தவர் லாகூர் அரசுக் கல்லூரியின் முதல்வராயிருந்த டாக்டர் லைட்னர். ஃபிக்ரீ பாஷா சென்ற ஸ்டாக்ஹோம் மாநாட்டில் அவரும் பங்குகொண்டார். வேடிக்கை பார்க்க அங்கே எவரும் கட்டணம் செலுத்தவில்லை. இடையே சில ஆண்டுகள் பூட்டிக் கிடந்தும், பின்பு திறக்கப்பட்டு, இன்றளவும் ஐவேளைத் தொழுகை நடந்து வருகிறது. பாரிஸ் நகரமும் 1926-இல் ஓர் உண்மையான ஜாமிஆப் பள்ளிவாசலைப் பெற்றது.

அரபு நாடொன்றில் உலகக் கண்காட்சி முதன்முறையாக நடைபெற 2021 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. துபாயில் அவ்வாண்டு அக்டோபரில் தொடங்கி 2022 மார்ச் இறுதிவரை அது நடந்தது. அங்கே பிழைக்கச் சென்ற நம் பிள்ளைகள் பலர் அதை நேரில் கண்டிருப்பர். வளாகத்தின் மூன்று நுழைவாயில்களையும் ஆசிஃப் கான் என்னும் லண்டன் கட்டடக் கலைஞர் அமைத்தார். 21 மீட்டர் உயரம். கரி இழையால் பின்னிய மஷ்ரபிய்யா. நாள்தோறும் காலையில் அப்பெருங்கதவுகளைத் திறந்து மக்களை உள்ளே விட்டனர். நடுவே அல்வஸ்ல் என்னும் மாபெரும் குவிமாடம், 130 மீட்டர் விட்டமுடையது. கண்காட்சி முடிந்தும் அது அகற்றப்படவில்லை. அதனை வரைந்த நிறுவனத்தாரின் ஊர், சிகாகோ.